சங்கத்து வழக்கும் பதினாலு நாளும்

(தோட்டப் பிள்ளைக் காம்பிராவில் ஞாயிற்றுக்கிழமை நடைபெற்ற மரண உதவிச் சங்க நிர்வாகிகள், அங்கத்தவர்கள் கூட்டத்தில் நலன்புரி உத்தியோகத்தர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



ஞாயிற்றுக்கிழமை உங்களுக்கு விறகு பொறுக்கவும் துணி துவைக்கவும் கோயிலுக்குப் போகவும் உள்ள ஒரே நாள். அதையும் விட்டுவிட்டு வந்து உட்கார்ந்திருக்கிறீர்கள். அதனால் வாழ்த்துரை, புகழுரையெல்லாம் வேண்டாம், நேரே விஷயத்துக்கு வருகிறோம்.

சங்கத்திலிருந்து ஒருவரைப் பேர் வெட்டினால் என்ன ஆகும், அதற்கு அவர் கோர்ட்டுக்குப் போனால் என்ன ஆகும், கீழ்க் கோர்ட்டில் ஒரு கட்டளை வந்த பிறகு மேல் கோர்ட்டு அதை எப்படிப் பார்க்கும் என்பதுதான் இன்றைய பேச்சு. "நமக்கெதுக்கு ஐயா கோர்ட்டு கச்சேரி?" என்று முன்வரிசையில் ஒரு அம்மா கேட்கிறார்கள். சரியான கேள்விதான். நாங்களும் ஒரு காலத்தில் அப்படித்தான் நினைத்திருந்தோம். ஒரு வீட்டுச் சாவு எங்களை மாற்றிவிட்டது.

எந்தத் தோட்டம், எந்தச் சங்கம் என்று சொல்லமாட்டோம். அந்தச் சனங்கள் இன்றைக்கும் ஒரே மலையில் கொழுந்து எடுக்கிறவர்கள், பழைய புண்ணைக் கிளறக் கூடாது. மூன்று டிவிசனுக்கும் பொதுவாக அங்கே ஒரு மரணச் சங்கம். மாதாமாதம் சம்பளத்தில் சந்தா பிடிப்பார்கள். வீட்டில் சாவு விழுந்தால் பெட்டிக்கும் பந்தலுக்கும் வந்தவர்களுக்குச் சாப்பாட்டுக்கும் சங்கம் காசு கொடுக்கும். உங்களுக்குத் தெரியாததல்ல. ஒரு வருடம் தொழிற்சங்கத்தில் பிளவு வந்தது. கொஞ்சப் பேர் ஒரு சங்கத்தை விட்டு இன்னொன்றுக்குப் போனார்கள். அந்தக் கோபம் மரணச் சங்கத்துக்குள்ளேயும் நுழைந்தது. கமிட்டி கூடி, "சந்தா பாக்கி" என்று காரணம் எழுதி, 23 குடும்பங்களின் பேரை வெட்டியது. கடிதம் இல்லை, கூப்பிட்டு விசாரிக்கவும் இல்லை. பெரட்டுக் களத்தில் வாய்ச்சொல்லாகத்தான் தெரியவந்தது.

அந்தச் சங்கத்துக்கு யாப்பு இருந்தது. சந்தா மூன்று மாதம் தவறினால் எழுத்தில் அறிவிக்க வேண்டும், பதில் கேட்க வேண்டும், பிறகு பொதுக்கூட்டத்தில் வைக்க வேண்டும் என்று அதில் அச்சடித்திருந்தது. அந்த யாப்பைக் கமிட்டியும் வாசிக்கவில்லை, வெட்டப்பட்டவர்களும் வாசிக்கவில்லை. நாங்களும் வாசித்திருக்கவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்லிவிடுகிறோம்.

23 குடும்பமும் காசு சேர்த்து, ஒரு சட்டத்தரணியைப் பிடித்து, மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள். எல்லாரும் பேர் கொடுக்கத் தேவையில்லை. பலருக்கு ஒரே உரிமை என்றால் நீதிமன்றத்தின் அனுமதியோடு இரண்டு மூன்று பேர் எல்லாருக்காகவும் வழக்காடலாம். மூன்று பேர் முன்னுக்கு நின்றார்கள். கேட்டது இரண்டு விஷயம். பேர் வெட்டியது செல்லாது என்று கடைசியில் தீர்ப்புச் சொல்ல வேண்டும். அதுவரைக்கும் எங்களை அங்கத்தவராகவே நடத்தும்படி கமிட்டிக்கு இடைக்காலத் தடை போட வேண்டும்.

இந்த இரண்டாவதில்தான் எல்லாச் சிக்கலும் இருக்கிறது. வழக்கு முடிய வருடக் கணக்காகும். சாவு அதுவரை காத்திருக்குமா? அதனால்தான் இடைக்காலக் கட்டளை என்று ஒன்று சட்டத்தில் இருக்கிறது. முதலில் மறுபக்கத்தைக் கேட்காமலே ஒரு தடை கொடுக்கலாம், ஆனால் அது ஆரம்பத்தில் 14 நாளுக்கு மேல் போகாது. பிறகு இரண்டு பக்கத்தையும் கேட்டு, வழக்கு முடியும்வரை தடை உண்டா இல்லையா என்று நீதிபதி கட்டளை போடுவார். அப்போது அவர் பார்ப்பது மூன்று. கேட்கிறவர் பக்கத்தில் மேலோட்டமாகப் பார்த்தாலே ஒரு நியாயம் தெரிகிறதா? தடை போட்டால் யாருக்குக் கஷ்டம் அதிகம், போடாவிட்டால் யாருக்கு அதிகம்? கேட்கிறவரின் நடத்தை நேர்மையாக இருக்கிறதா? 1981இல் பீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்க அரச திரைப்படக் கூட்டுத்தாபனத்துக்கு எதிராகப் போட்ட வழக்கில் இதைத் தெளிவாகச் சொல்லியிருக்கிறார்கள். இன்றைக்கும் சட்டத்தரணிமார் அதைத்தான் எடுத்துக் காட்டுகிறார்கள்.

நம் ஆட்களுக்கு முதல் தடை கிடைத்தது. இரண்டாவது கிடைக்கவில்லை. "சந்தா கட்டியதற்கு அத்தாட்சி காட்டவில்லை" என்று எழுதி, இடைக்காலத் தடையை மாவட்ட நீதிபதி மறுத்துவிட்டார். அதே கட்டளையின் கடைசி வரியில் வழக்குக்கு அடுத்த தவணை போட்டிருந்தது, மூன்று மாதம் தள்ளி.

கட்டளை சிங்களத்தில் இருந்தது. முன்னுக்கு நின்ற மூன்று பேரில் மூத்தவர், கவ்வாத்து மலையில் வேலை செய்கிறவர், அந்தத் தாளை மடித்துச் சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருந்தார். ஒன்பதாம் நாள் எங்கள் காரியாலயத்துக்கு எடுத்துக்கொண்டு வந்தார். நாங்கள் வாங்கிப் பார்த்தோம். பேச்சுச் சிங்களம் எங்களுக்கு வரும், கோர்ட்டுச் சிங்களம் வராது. தவணைத் திகதி மட்டும் கண்ணில் பட்டது. "அண்ணே, வழக்கு இன்னும் முடியல, இன்னொரு தவணை இருக்கு, அன்னைக்குப் போய்ப் பேசிக்குங்க" என்று சொல்லி அனுப்பினோம். அவரும் கும்பிட்டுவிட்டுப் போனார்.

அந்த வார்த்தை எவ்வளவு பெரிய பிழை என்பது எங்களுக்கு அப்போது தெரியாது.

இந்த இடத்தைக் கவனமாகக் கேளுங்கள். வழக்கு நடக்கும்போதே நடுவில் போடுகிற கட்டளை ஒன்று. வழக்கை முடித்துவைக்கிற தீர்ப்பு இன்னொன்று. இரண்டுக்கும் மேலே போகிற வழி வேறு வேறு. கடைசித் தீர்ப்பென்றால் 14 நாளுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தல் கொடுத்து, தீர்ப்புத் திகதியிலிருந்து 60 நாளுக்குள் மேன்முறையீட்டு மனுவைக் கொடுக்க வேண்டும். நடுவில் வந்த கட்டளையென்றால் மேன்முறையீடு செய்ய முதலில் அனுமதி கேட்க வேண்டும். அந்த அனுமதி மனுவுக்கு 14 நாள்தான். கட்டளை வந்த நாளும் மனுக் கொடுக்கிற நாளும் சேராது, ஞாயிற்றுக்கிழமையும் அரசாங்க விடுமுறை நாளும் சேராது. பௌர்ணமியைக் கழித்தால் ஒரு நாள் கூடும். அவ்வளவுதான். அடுத்த தவணை மூன்று மாதம் தள்ளியிருக்கிறது என்பதால் இந்தப் பதினாலு நாள் நீளாது. நாங்கள் குழம்பிய இடம் இதுதான்.

எது கட்டளை, எது தீர்ப்பு என்று படித்தவர்களுக்கே சண்டை வரும். தீர்ப்பென்று நினைத்து 60 நாள் காத்திருந்து, அது கட்டளைதான் என்று தள்ளப்பட்ட மனுக்கள் இருக்கின்றன. உயர் நீதிமன்றம் இதை எடுத்துப் பார்த்து, தலைப்பை வைத்துப் பார்க்காதே, அந்தக் கட்டளை எந்தப் பக்கத்துக்குச் சாதகமாக வந்தாலும் பிணக்கைக் கடைசியாக முடித்துவைக்குமா என்று பார் என்று சொன்னது. நாமாகக் கணக்குப் போட வேண்டாம். சட்டத்தரணியிடம் "இது கட்டளையா, தீர்ப்பா?" என்று அன்றைக்கே ஒரு கேள்வி கேட்டால் போதும்.

ஐந்தாவது வாரம் அந்த 23 குடும்பத்தில் ஒரு வீட்டில் சாவு. கொழுந்து எடுக்கிற ஒரு தங்கச்சியின் புருஷன். நெஞ்சுவலி, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகும் வழியிலேயே போய்விட்டான். சங்கத்துக்கு ஆள் அனுப்பினார்கள். "பேர் இல்லை, கோர்ட்டே மறுத்துப்போட்டது" என்று பதில் வந்தது. அந்தத் தங்கச்சி காதில் கிடந்த தோட்டை அடகு வைத்துப் பெட்டி வாங்கினாள். பதினைந்து வருடம் சந்தா பிடித்திருக்கிறார்கள். சாவு வீட்டில் ஒரு கிழவி எங்களைப் பார்த்து, "நீங்கதானே ஐயா தவணைக்குப் போகச் சொன்னீங்க?" என்று கேட்டாள். கோபமாகக்கூடக் கேட்கவில்லை. சும்மா கேட்டாள்.

அதன் பிறகுதான் ஓடினோம். நகரத்தில் சட்ட உதவி ஆணைக்குழுக் காரியாலயத்துக்குப் போனோம். 1978ஆம் ஆண்டின் 27ஆம் இலக்கச் சட்டத்தின் கீழ் வந்த ஆணைக்குழு அது, வசதியில்லாதவர்களுக்குச் சட்டத்தரணியை ஏற்பாடு செய்து தருகிறது. அங்கே இருந்தவர் தாளை வாசித்துவிட்டு முதலில் கேட்டது, "இவ்வளவு நாள் எங்க இருந்தீங்க?" மேன்முறையீட்டு அனுமதிக்கு வழி அடைபட்டுவிட்டது. மிச்சம் இருப்பது மீளாய்வு ஒன்றுதான் என்றார்.

மீளாய்வு என்றால் என்ன? கீழ் நீதிமன்றம் சட்டத்தைத் தப்பாகப் பிடித்திருந்தால், அல்லது நடைமுறை தவறியிருந்தால், வழக்கேட்டை மேலே வரவழைத்துப் பார்த்துத் திருத்துகிற அதிகாரம். மேன்முறையீடு கட்சிக்காரரின் உரிமை. மீளாய்வு அப்படியில்லை, அது நீதிமன்றத்தின் விருப்பம். விசேட காரணம் காட்ட வேண்டும். சாதாரணப் பிழை போதாது, நீதிமன்றத்தின் மனசாட்சியையே உலுக்குகிற பிழையாக இருக்க வேண்டும் என்று பல தீர்ப்புகளில் சொல்லியிருக்கிறார்கள். மேன்முறையீடு செய்ய வழி இருந்தும் தூங்கிக்கிடந்தவர் என்றால், ஏன் தூங்கினாய் என்ற கேள்விதான் முதலில் வரும். மீளாய்வுக்குச் சட்டத்தில் இத்தனை நாள் என்று இல்லை. அதற்காகத் தாமதம் பரவாயில்லை என்று எடுத்துக்கொள்ளாதீர்கள், தாமதத்தாலேயே தள்ளுபடியான மனுக்கள் ஏராளம்.

ஒரு நல்ல காரியம் நடந்திருக்கிறது, அதையும் சொல்ல வேண்டும். முன்பெல்லாம் மாவட்ட நீதிமன்றக் கட்டளைக்கு எதிராகப் போவதென்றால் கொழும்பு மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும். 2006ஆம் ஆண்டின் 54ஆம் இலக்கச் சட்டம் அந்த அதிகாரத்தை மாகாண மேல் நீதிமன்றங்களுக்குக் கொடுத்தது. மத்திய மாகாணத்தார் கண்டிக்குப் போகலாம், ஊவாக்காரர் பதுளைக்குப் போகலாம். விடியக்காலை பஸ் ஏறினால் இருட்டும் முன்னால் லயத்துக்குத் திரும்பலாம். அதற்கு மேலே போக வேண்டுமானால் உயர் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும், பெரிய சட்டக் கேள்வி ஒன்று இருக்க வேண்டும்.

கண்டியில் நடந்ததை நாங்கள் பின் வாங்கில் உட்கார்ந்து பார்த்தோம். சாட்சிக் கூண்டில் ஒருவரையும் ஏற்றவில்லை. "எங்களைக் கூப்பிட்டுக் கேட்பாங்க, எல்லாத்தையும் கொட்டிடலாம்" என்று வந்த பெரியவருக்கு ஏமாற்றம். மேல் நீதிமன்றம் நம் கதையைக் கேட்பதில்லை, கீழ் நீதிமன்றத்து ஏட்டைத்தான் பார்க்கிறது. அங்கே கொடுத்த முறைப்பாடு, சத்தியக் கடதாசி, அதோடு கோத்த தாள்கள், நீதிபதி எழுதிய காரணம் ஆகியவைதான் அதன் முன்னால் இருக்கும். அங்கே கொடுக்காத தாளை இங்கே புதிதாக நீட்டினால் பெரும்பாலும் ஏற்கமாட்டார்கள்.

நம் ஆட்களைக் காப்பாற்றியது ஒரு தாய். முதல் நாள் சட்டத்தரணியிடம் போகும்போதே அந்த அம்மா தன் வீட்டுச் சம்பளத் துண்டுகளை, எண்ணெய்க் கறையோடு, ரொட்டி சுற்றிய தாளோடு சேர்த்து எடுத்துக்கொண்டு போயிருந்தார்கள். பக்கத்து வீட்டுக்காரர்களிடமும் வாங்கிச் சேர்த்திருந்தார்கள். மாதாமாதம் சந்தா பிடித்திருப்பது அதில் தெளிவாக இருந்தது. சட்டத்தரணி அதையெல்லாம் முறைப்பாட்டோடு கோத்து அடையாளமும் இட்டிருந்தார். மாவட்ட நீதிபதியோ "அத்தாட்சி காட்டவில்லை" என்று எழுதியிருந்தார். ஏட்டிலேயே இருக்கிற அத்தாட்சியைப் பார்க்காமல் போட்ட கட்டளை என்று மேல் நீதிமன்றத்தில் காட்ட முடிந்தது. கமிட்டி பக்கத்துச் சட்டத்தரணி தாமதத்தைப் பிடித்துக்கொண்டு கடுமையாக வாதாடினார். நாங்கள் எங்கள் பிழையை ஒரு சத்தியக் கடதாசியில் எழுதிக் கொடுத்திருந்தோம். தாள் எந்த மொழியில் இருந்தது, யார் என்ன சொன்னோம் என்று எல்லாம். வெட்கமாகத்தான் இருந்தது.

மேல் நீதிமன்றம் கீழ்க் கட்டளையை ரத்துச் செய்து, வழக்கு முடியும்வரை இடைக்காலத் தடையைக் கொடுத்தது.

அன்று இரவு லயத்தில் வெடி கொளுத்தினார்கள். கொளுத்தியிருக்கக் கூடாது. ஏனென்றால் 23 பேரும் அங்கத்தவர்தான் என்று மேல் நீதிமன்றம் சொல்லவில்லை. பேர் வெட்டியது சரியா பிழையா என்பதை மாவட்ட நீதிமன்றம் விசாரித்துத் தீர்க்கட்டும், அதுவரை வெட்டியதாக நடத்தாதே என்றுதான் சொன்னது. இந்த வித்தியாசம் இரண்டு பக்கத்துக்கும் விளங்கவில்லை. கமிட்டித் தலைவர் தனக்குத் தண்டனை கிடைத்துவிட்டதாக நினைத்து ஒரு மாதம் வெளியே தலைகாட்டவில்லை. பாவம், அவரும் லயத்துப் பிள்ளைதான்.

சங்க நிர்வாகிகளுக்கும் இரண்டு வார்த்தை. உங்களுக்கு எதிராகத் தடை வந்தால் உங்களுக்கும் அதே 14 நாள் உண்டு, அதே மேல் நீதிமன்றம் உண்டு. ஆனால் மேலே போயிருக்கிறோம் என்று சொல்லிக்கொண்டு தடையை மீறாதீர்கள். மீறினால் நீதிமன்றத்தை அவமதித்த குற்றமாகத் தண்டிக்கலாம். சங்கச் சண்டை அதோடு போலீசுச் சண்டையாகிவிடும். பேர் வெட்டத்தான் வேண்டுமென்றால் யாப்பில் உள்ளபடி வெட்டுங்கள். கடிதம் கொடுங்கள், பதில் வாங்குங்கள், கூட்டத்தில் வையுங்கள், அறிக்கைப் புத்தகத்தில் எழுதுங்கள். அந்த ஆள் நல்லவனா கெட்டவனா என்று எந்த நீதிமன்றமும் கேட்காது. அவனைக் கேட்டீர்களா என்றுதான் கேட்கும். கேட்காமல் தண்டிக்கக் கூடாது என்பதை இயற்கை நீதி என்கிறார்கள்.

பெரிய இடத்திலும் இதே சண்டைதான். 1991இல் ஐக்கிய தேசியக் கட்சி லலித் அத்துலத்முதலி, காமினி திசாநாயக்க முதலியோரை நீக்கியபோது, விசாரிக்காமல் நீக்கினார்கள் என்று அவர்கள் உயர் நீதிமன்றம் போனார்கள். மூன்று நீதியரசர்களில் இருவர் நீக்கம் செல்லும் என்றார்கள், ஒருவர் மாறுபட்டார். ஸ்ரீ லங்கா சுதந்திரக் கட்சி திலக் கருணாரத்னவை நீக்கியது செல்லாது என்று சொன்ன தீர்ப்பும் இருக்கிறது, 1993ஆம் ஆண்டுச் சட்ட அறிக்கையில் அது அச்சாகியிருக்கிறது. நீதியரசர்களுக்குள்ளேயே கருத்து வேறுபடும் விஷயம் இது. ஒரு வேடிக்கையைப் பாருங்கள். பாராளுமன்ற அங்கத்தவரைக் கட்சி நீக்கினால் அவர் ஒரு மாதத்துக்குள் நேரே உயர் நீதிமன்றம் போகலாம், இரண்டு மாதத்தில் முடிவு சொல்ல வேண்டும் என்று அரசியலமைப்பிலேயே இருக்கிறது. மரணச் சங்கத்து அங்கத்தவருக்கு அந்தக் குறுக்கு வழி இல்லை, படிப்படியாகத்தான் ஏற வேண்டும்.

கூட்டுறவுச் சங்கமாக இருந்தால் பாதையே வேறு. அங்கே சங்க அலுவல் பற்றிய பிணக்கு முதலில் கூட்டுறவுத் திணைக்களத்துக்குப் போக வேண்டும், நேரே மாவட்ட நீதிமன்றம் ஓடக் கூடாது. அதை இன்னொரு நாள் பேசுவோம்.

அந்த வழக்கு என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். மாவட்ட நீதிமன்றத்தில் இரண்டாவது விசாரணைத் தவணையில் இரண்டு பக்கமும் இணங்கிவிட்டார்கள். பேர்கள் திரும்ப ஏறின, சந்தாக் கணக்கை வெளியாள் ஒருவரை வைத்துப் பார்த்தார்கள். அடகு வைத்த தோடு மட்டும் திரும்பவில்லை, வட்டி ஏறி மூழ்கிப்போனது. சங்கம் சாவுக் காசைப் பிந்திக் கொடுத்தது. அந்தத் தங்கச்சி வாங்கிக்கொண்டாள், ஒன்றும் சொல்லவில்லை.

இப்போது எங்கள் காரியாலயத்தில் ஒரு வழக்கம் வைத்திருக்கிறோம். கோர்ட்டுத் தாள் எது வந்தாலும், கட்டளைத் திகதியைத் தாளின் முதுகில் தமிழில் பெரிதாக எழுதுவோம். அதன் கீழே கலண்டரைப் பார்த்து ஞாயிறும் விடுமுறையும் கழித்து எண்ணி, கடைசி நாளை எழுதுவோம். அன்றைக்கே சட்டத்தரணிக்கு டெலிபோன் எடுப்போம். தாள் சிங்களத்தில் இருந்தால், தமிழில் மொழிபெயர்ப்புக் கேட்க அரசியலமைப்பின் 24ஆவது உறுப்புரை இடம் கொடுக்கிறது. கேளுங்கள், ஆனால் மொழிபெயர்ப்பு வரட்டும் என்று காத்திருந்து நாளை விட்டுவிடாதீர்கள்.

(உரையின் பின் கேள்வி கேட்கலாம் என்று சொல்லப்பட்டது. பழைய லயத்திலிருந்து வந்திருந்த ஒரு பாட்டி எழுந்தார். "எம் பேத்தி ஏ லெவல் படிக்கிறா, சிங்களம் நல்லா வாசிப்பா. அவ வாசிச்சாப் போதுமா ஐயா?" என்று கேட்டார். பேத்தி திகதியை வாசிக்கட்டும் பாட்டி, கட்டளையா தீர்ப்பா என்று எழுதியிருப்பதையும் வாசிக்கட்டும். வாசித்த கையோடு, அடுத்த நாள் அரைப் பேர் போனாலும் பரவாயில்லை என்று, பேத்தியையும் கூட்டிக்கொண்டு சட்டத்தரணியிடம் போங்கள் என்று சொன்னோம். "அரைப் பேரைத் தொரை வெட்டுனா?" என்றார் பாட்டி. எல்லாரும் சிரித்தார்கள். அதற்கு எங்கள் காரியாலயத்திலிருந்து கடிதம் தருகிறோம் என்று சொல்லியிருக்கிறோம். செவ்வாய்க்கிழமை பின்னேரம் வந்தால் வாங்கிக்கொள்ளலாம்.)